ஒழுகாத கூரைகளும் ஒரு தடித்த கோப்பும்

டென்மார்க்குக்கு நான் போனது கூரை பார்க்க. கோப்பன்ஹேகன் விமான நிலையத்தில் கடவுச்சீட்டைப் பார்த்த அதிகாரியிடமும் இதைத்தான் சொன்னேன். அவர் என் முகத்தைப் பார்த்தார், பெயரைப் பார்த்தார், என்னுடைய பிரித்தானியக் கடவுச்சீட்டின் பக்கங்களை ஒவ்வொன்றாக வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். "எந்தக் கூரை?" என்றார். "பள்ளிக்கூடக் கூரை" என்றேன். 1988 ஐப்பசியில் ஒரு தமிழ் முகம் டென்மார்க்குக்குள் வருவதென்றால் அழுதுகொண்டு வரவேண்டும், இல்லாவிட்டால் ஒளிந்துகொண்டு வரவேண்டும். நாற்பத்துமூன்று வயதுப் பெண் அளவு நாடாவோடு வந்து நிற்பது அவருக்குப் பழக்கமில்லை. அரை மணித்தியாலம் ஒரு கதிரையில் இருத்தி வைத்துவிட்டு, கடைசியில் முத்திரையைக் குத்திப் போகச் சொன்னார்.

நான் லண்டனில் ஒரு நகரசபையில் படவரைஞர். எங்கள் பள்ளிக்கூடங்கள் எல்லாம் அறுபதுகளில் கட்டிய தட்டைக் கூரைக் கட்டிடங்கள். மழை பெய்தால் சில வகுப்பறைகளில் பிள்ளைகளைவிட வாளிகள் அதிகம். எங்கள் தலைமைப் பொறியியலாளர் ஏதோ ஒரு கூட்டத்தில் ஒரு கதை கேட்டு வந்தார். எஸ்தோனியாவில் இருந்து தப்பி வந்த ஒரு கட்டிடக் கலைஞர் டென்மார்க்கில் பதினொரு பள்ளிக்கூடங்கள் கட்டினாராம். எல்லாம் தட்டைக் கூரையாம். ஒன்றுகூட ஒழுகவில்லையாம். மனிதர் ஓய்வுபெற்று பிரெடெரிசியாவில் இருக்கிறாராம். "உனக்கு அங்கே தம்பி இருக்கிறானே" என்று பொறியியலாளர் என்னைத் தெரிவு செய்தார். என்னுடைய இருபது வருட அனுபவத்தில் அவரை மிகவும் கவர்ந்த தகுதி, தம்பி வீட்டில் எனக்குப் படுக்க இடம் இருந்ததுதான்.

தம்பி தவம் என்னைவிட ஒன்பது வயது இளையவன். டென்மார்க்கில் அகதியாக ஏற்றுக்கொள்ளப்பட்டு கோல்டிங்கில் இருந்தான். அவனுடைய மனைவி நிர்மலாவும் மகள் துளசியும் எங்கள் ஊரான கோப்பாயில். ஊரில் அப்போது இந்திய ராணுவம். வீதியில் எந்த நேரம் வெடிக்கும் என்று யாருக்கும் தெரியாது. அகதியாக ஏற்கப்பட்டவர் மனைவியையும் பிள்ளையையும் கூப்பிடலாம் என்று டேனிஷ் சட்டத்தில் நல்ல அழகாக எழுதியிருந்தது. தவம் விண்ணப்பம் போட்டுப் பதினான்கு மாதம். ஓம் என்றும் இல்லை, இல்லை என்றும் இல்லை. அந்த வருடங்களில் டென்மார்க்கில் எந்தத் தமிழ் வீட்டுக்குப் போனாலும் இந்தக் கதைதான்.

இனி ரயில். வழியில் கடல் குறுக்கே இருக்கிறது. பாலம் இன்னும் கட்டி முடியவில்லை. ஆகவே டேனிஷ்காரர் ரயிலையே கப்பலுக்குள் ஏற்றிவிடுகிறார்கள். வண்டி கப்பலின் வயிற்றுக்குள் நின்றதும் என் பெட்டியில் இருந்த அத்தனை பேரும் எழுந்து மேல்தட்டுக்கு ஓடினார்கள். கப்பல் தாழ்கிறது என்று நினைத்து நானும் கைப்பையோடு ஓடினேன். அவர்கள் ஓடியது சாப்பாட்டுக்கு. நகப்பூச்சு நிறத்தில் ஒரு சொசேஜும், ஒரு துண்டு பாணும், சீனி போட்ட வெள்ளரிக்காயும் கொடுத்தார்கள். யாழ்தேவி ரயிலில் அநுராதபுரம் தாண்டும்போது விற்கும் வடையை நினைத்துக்கொண்டு அதை விழுங்கினேன்.

கீழே இறங்கினால் எல்லாப் பெட்டியும் ஒரே நிறம். ஏறி உட்கார்ந்து கொஞ்ச நேரம் போனபிறகுதான், நான் இருக்கும் ரயில் வேறு, என்னுடைய சூட்கேஸ் இருக்கும் ரயில் வேறு என்று தெரிந்தது. பயணச்சீட்டுப் பரிசோதகர் பிரெடெரிசியாவில் என்னை இறக்கி, எதிர்ப்பக்க மேடையைக் காட்டி, "கோல்டிங்" என்று மூன்று தரம் சத்தமாகச் சொன்னார். நான் காது கேளாதவள் என்று அவருக்கு ஓர் எண்ணம்.

கோல்டிங் நிலையத்தில் தவம் நின்றான். எனக்கு முன்னால் வந்த ரயிலில் ஏறித் தேடி, பெயரைப் பார்த்துச் சூட்கேஸைத் தூக்கி வைத்திருந்தான். மூன்று வருடம் காணாத தம்பி. கட்டிப்பிடிப்பான் என்று நினைத்தேன்.

"அக்கா, அந்தக் கடிதங்கள் சூட்கேஸுக்குள்ளயோ, கைப்பைக்குள்ளயோ?" என்றான்.

"கைப்பைக்குள்ள."

"அப்பாடா" என்று சொல்லிவிட்டுத்தான் என்னைப் பார்த்தான். மெலிந்திருந்தான். நெற்றி பெரிதாகிவிட்டது. எனக்கு அழுகை வந்தது. சூட்கேஸைப் பார்ப்பதுபோலக் குனிந்துகொண்டேன்.

அவன் கேட்டது மூன்று கடிதங்களை. லண்டனில் இருக்கும் ஓர் ஓய்வுபெற்ற பள்ளிக்கூட அதிபர், ஒரு முன்னாள் சமாதான நீதவான், தவத்தோடு படித்த ஒரு வைத்தியர் ஆகியோரிடம் வாங்கி வந்தேன். மூன்றிலும் ஒரே செய்தி: தவம் நல்லவன், நல்ல குடும்பம். கோப்பன்ஹேகனில் இருக்கும் குடிவரவு அலுவலகம் இதைக் கேட்டதா என்று நானும் கேட்கவில்லை. பெரிய மனிதர் கடிதம் கொடுத்தால் வேண்டாம் என்பார்களா என்ன?

இந்தக் கடித வேலைக்குத் தலைவர் தவத்தின் அறைத்தோழர் பிலிப் அண்ணை. மன்னார்க்காரர், ஐம்பது வயது. அரசாங்க அதிபரின் மாவட்ட அலுவலகமான கச்சேரியில் இருபத்திரண்டு வருடம் எழுதுவினைஞராக இருந்தவர். இப்போது ஒரு தொழிற்சாலையில் பன்றி இறைச்சி பொதி செய்கிறார். அவருடைய மனைவியும் இரண்டு பிள்ளைகளும் மடுவில் அகதி முகாமில். அவருடைய விண்ணப்பமும் இதே போலத்தான் கிடந்தது. பாற்கஞ்சிக்கென்று கடையில் விற்கும் குறுணி அரிசியில் சோறும், டின்மீன் குழம்பும், லீக்ஸ் வறையும் சமைத்து வைத்திருந்தார். சோறு களியாக இருந்தது. குழம்பு அமிர்தம்.

சாப்பிட்டு முடிந்ததும் கோப்பைக் காட்டினார்கள். அது கோப்பு இல்லை, பயணப்பை. பிறப்புச் சான்றிதழ்கள், விவாகச் சான்றிதழ், அவற்றின் மொழிபெயர்ப்பு என்பவை சரி. அதன் பிறகு கல்யாண அல்பத்தின் பிரதிகள். எங்களில் எழுத்து, அதாவது விவாகப் பதிவு, முதலில் நடக்கும், தாலி சில மாதம் கழித்து ஏறும். ஏன் அப்படி என்று நான்கு பக்க விளக்கம். நிர்மலா சங்கீதத்தில் இரண்டாம் தரம் சித்தியடைந்த சான்றிதழ். தவம் சைவக்காரன், ஆனாலும் மன்னார்ப் பங்குத்தந்தை ஒருவர் அவனுடைய பக்தியை மெச்சி எழுதிய கடிதம். ஒவ்வொன்றையும் ஒவ்வொரு மாதம் அனுப்பியிருந்தார்கள். பையில் இருந்தவை பிரதிகள்.

"தங்கச்சி, உங்களுக்குக் கந்தோர் நடைமுறை தெரியாது" என்றார் பிலிப் அண்ணை. "மெல்லிசு ஃபைல் அடியில போயிடும். மொத்த ஃபைல்தான் மேசையில இடைஞ்சலாக் கிடக்கும். இடைஞ்சலாக் கிடக்கிறதைத்தான் முதல்ல முடிச்சு அனுப்புவாங்கள். நான் எத்தினை ஃபைலை அப்பிடி முடிச்சு அனுப்பினனான்!"

மன்னாரில் அது சரியாகத்தான் இருந்திருக்கும். எனக்கும் சரியாகத்தான் பட்டது. இன்னொரு விஷயத்தையும் அவர் ஏற்கெனவே முடிவு செய்துவிட்டார். நான் பார்க்கப் போகும் எஸ்தோனியர் பதினொரு பள்ளிக்கூடம் கட்டியவர், நகரபிதாக்களோடு பழகியவர், பெரிய மனிதர். அவரிடம் ஒரு கடிதம். பெயர் அச்சடித்த தலைப்பெழுத்துள்ள தாளில், வட்ட முத்திரையோடு.

"நான் கூரை பார்க்க வந்தனான் அண்ணை."

"கூரையையும் பாருங்கோ" என்றார்.

மறுநாள் கோல்டிங் பள்ளிக்கூடம். அந்தக் கிழமை பள்ளி விடுமுறை, தவத்துக்கும் வேலை இல்லை. அங்கே பிற்பகலில் தரை துடைப்பது அவன்தான். எஸ்தோனியர் சைக்கிளில் வந்தார், பிரெடெரிசியாவில் இருந்து, மழையில், எழுபத்தைந்து வயதில். எங்கள் ஊரில் அந்த வயதுக்காரரை ஈஸிச்செயாரில் இருந்து எழும்ப விடமாட்டார்கள். நெட்டையானவர், காதுக்குள் ஒரு கேட்கும் கருவி, காற்சட்டையின் கீழ்ப்பகுதியைச் சைக்கிள் சங்கிலியில் படாமல் ஒரு கிளிப்பால் கவ்வியிருந்தார். "என்னை ஊனோ என்று கூப்பிடு" என்றார் ஆங்கிலத்தில். டென்மார்க்கில் பிரதமரையும் பெயர் சொல்லித்தான் கூப்பிடுவார்களாம். தவத்துக்கு வாய் வரவில்லை. "ஊனோ ஐயா" என்றான்.

"ஐயா என்றால் என்ன?"

நான் விளக்கினேன். "நாற்பது வருடமாக இந்த நாட்டில் யாரும் எனக்கு மரியாதை தரவில்லை. அது அப்படியே இருக்கட்டும்" என்றார்.

நேராகக் கூரைக்கு ஏறுவோம் என்று பார்த்தால், செருப்பு கழற்றும் இடத்தில் நிறுத்திவிட்டார். நீளமான வாங்கு, ஒவ்வொரு பிள்ளைக்கும் மேலங்கி மாட்ட ஒரு கொளுவி, கொளுவியின் கீழே ஒரு சின்னத் தட்டு, ஈரச் சப்பாத்தின் தண்ணீர் வடிந்து போக ஓர் ஓடை. எல்லாம் ஏழு வயதுப் பிள்ளையின் உயரத்தில். நான் பார்த்த அத்தனை பள்ளிக்கூடங்களிலும் கட்டிடக் கலைஞர்கள் மிஞ்சிய இடத்தைத்தான் இதற்குக் கொடுப்பார்கள். "இது எப்படி உங்களுக்குத் தோன்றியது?" என்று கேட்டேன்.

"தோன்றவில்லை. தண்டனை" என்றார்.

உலகப் போரின் கடைசி வருடத்தில் கடல்வழியாகத் தப்பி வந்தவர். எஸ்தோனியாவில் பட்டம் பெற்றவர். இங்கே அந்தப் பட்டத்தைப் பார்த்து, தாள் நன்றாக இருக்கிறது என்று பாராட்டித் திருப்பிக் கொடுத்துவிட்டார்கள். முகாமில் இரண்டு வருடம் உருளைக்கிழங்கு உரித்தார். பிறகு ஒரு பெரிய கட்டிடக் கலைஞரின் அலுவலகத்தில் எடுபிடி. வகுப்பறையை டேனிஷ்காரர் வரைவார்கள். மண்டபத்தைப் பெரியவரே வரைவார். கழிவறையும் செருப்பு கழற்றும் இடமும் அகதிக்கு. எட்டு வருடம் அது மட்டும்தான் வரைந்தார். "டென்மார்க்கில் ஒரு தலைமுறை நான் கொடுத்த இடத்தில்தான் மூத்திரம் போனது. ஒரு படத்திலும் என் பெயர் இல்லை."

பெரியவர் ஒருநாள் படுக்கையில் விழுந்தார். பாதியில் நின்ற பள்ளிக்கூடத்தை முடிக்க ஆள் இல்லாமல் இவரிடம் கொடுத்தார்கள். அதுதான் இந்தக் கோல்டிங் பள்ளிக்கூடம். இவர் வாசலில் தொடங்கி உள்ளே போனார். மற்றவர்கள் மண்டபத்தில் தொடங்கி வெளியே வருவார்கள். பிள்ளைகளுக்குப் பிடித்துப் போயிற்று. ஆசிரியர்களுக்குத் தரை காய்ந்து கிடந்தது பிடித்தது. அதன் பிறகு பதினெட்டு வருடத்தில் இன்னும் பத்து.

"சரி, கூரை?" என்றேன். எனக்குச் சம்பளம் தருவது கூரைக்காக.

ஏணியில் எனக்கு முன்னால் ஏறினார். மேலே தன் காற்சட்டைப் பையில் இருந்து ஒரு கண்ணாடிக் குண்டை எடுத்துக் கூரையில் வைத்தார். குண்டு கொஞ்சம் யோசித்துவிட்டு, மெல்ல உருண்டு ஓரத்துக்குப் போய் மழைத்தண்ணீர் ஓடும் பீலிக்குள் விழுந்தது. "என் கூரை தட்டை இல்லை. கீழே நின்று பார்ப்பவர்களுக்குத் தட்டை." ஓரத்தில் நின்று ஒரு சிறிய வீட்டைக் காட்டினார். பள்ளிக்கூடத்தைப் பராமரிக்கிறவருக்கு அங்கே பெடெல் என்று பெயர். அது பெடெலின் வீடு. அவருடைய குசினி ஜன்னலைத் திறந்தால் நேரே பீலி. இலை அடைத்திருந்தால் கோப்பி குடிக்கும்போது கண்ணில் படும், விளக்குமாற்றோடு ஏறிக் கூட்டிவிடுவார். பதினொரு பள்ளிக்கூடத்திலும் பெடெலின் குசினி அப்படித்தான்.

நான் குறிப்புப் புத்தகத்தில் எழுதினேன்: சாய்வு, ஜன்னல், விளக்குமாறு. லண்டனில் இதைக் கேட்டு ஒருவரும் கைதட்டப் போவதில்லை என்று அப்போதே தெரிந்தது. எங்கள் பொறியியலாளர் எதிர்பார்த்தது ஏதாவது புதிய தாரின் பெயர்.

மூன்றாம் நாள் தவமும் நானும் பிரெடெரிசியாவுக்குப் போனோம். தவத்தின் மடியில் பயணப்பை. ஊனோ ஐயா நிலையத்துக்கு வந்து எங்களைப் பேருந்தில் ஏற்றினார். தன்னுடைய கடைசிப் பள்ளிக்கூடத்தைக் காட்ட வேண்டுமாம். கதையோடு கதையாகப் பேருந்து ஊரை ஒரு சுற்றுச் சுற்றி மறுபடியும் நிலையத்துக்கே வந்து நின்றது. தான் கட்டிய பள்ளிக்கூடத்தைத் தானே தவறவிட்டுவிட்டார். "மரங்கள் வளர்ந்துவிட்டன" என்று சாரதியிடம் முறைப்பாடு செய்தார். முன்னால் இருந்த ஒரு பெண் பக்கத்தில் இருந்தவளிடம் டேனிஷில் ஏதோ சொல்ல, தவம் சிரித்தான். கேட்டால், "மூண்டு வெளிநாட்டுக்காரர், வழி தெரியாமல் நிக்கினமாம்" என்றான். நாற்பது வருடம் இருந்தாலும் எண்ணிக்கையில் அவரும் உண்டு.

அந்தக் கடைசிப் பள்ளிக்கூடத்தில் சுவர்களே இல்லை. எழுபதுகளில் அப்படி ஒரு மோகம் வந்ததாம். சுவர் பிள்ளையின் மனதைக் கெடுக்கும் என்று கல்விமான்கள் கண்டுபிடித்தார்கள். ஊனோ ஐயா வேண்டாம் என்றார். நகரசபை வேண்டும் என்றது. கட்டிக் கொடுத்தார். திறந்து இரண்டாம் மாதமே ஆசிரியர்கள் அலுமாரிகளை இழுத்து வரிசையாக வைத்து, மேலே மட்டையடித்து, தாங்களே சுவர் கட்டிவிட்டார்கள். குற்றம் மட்டும் கட்டிடக் கலைஞருக்கு. அதோடு ஒருவரும் கூப்பிடவில்லை. அவருடைய கடைசி வேலை, வேறோர் ஊரில் ஒரு சைக்கிள் கொட்டகை. அதையும் பார்க்கலாமா என்று கேட்டார். பயணப்பையைத் தூக்கித் தூக்கித் தவத்தின் கை விறைத்துப் போயிருந்ததால், வீட்டுக்குப் போவோம் என்றேன்.

அவர் வீட்டில் கோப்பியும் நான்கு வகைக் கேக்கும். டேனிஷ்காரர் வீட்டில் சோறு கேட்டால்தான் அதிசயமாகப் பார்ப்பார்கள், கேக்குக்குக் குறைவில்லை. மேசைக்கு மேலே சுவரில் ஒரு வரைபடம். ஒரு சின்னக் கிராமப் பள்ளிக்கூடம், எஸ்தோனிய மொழியில் எழுத்துகள். அவர் இருபத்தொன்பது வயதில் வரைந்த முதல் பள்ளிக்கூடமாம். தப்பி ஓடும்போது வளைமரம் ஏற்றியிருந்தார்கள், கூரை போடவில்லை. போர் முடிந்ததில் இருந்து ஒவ்வொரு வருடமும் அந்த ஊருக்கு எழுதிக் கேட்கிறாராம், கூரை போட்டார்களா என்று. ஒரு பதிலும் இல்லை. "பதினொன்று கட்டினேன் என்று எல்லோரும் சொல்கிறார்கள். பதினொன்றா பன்னிரண்டா என்று எனக்குத் தெரியாது" என்றார்.

தவம் என் காலை மேசைக்குக் கீழே தட்டினான். கேட்டுவிட்டேன். தம்பியின் மனைவி, பிள்ளை, பதினான்கு மாதம், ஒரு கடிதம் எழுதித் தர முடியுமா? தவம் பையைத் திறந்து எல்லாவற்றையும் கேக்குகளுக்கு நடுவில் அடுக்கினான்.

ஊனோ ஐயா கண்ணாடியை மாற்றிப் போட்டுக்கொண்டு ஒவ்வொன்றாகப் பார்த்தார். சங்கீதச் சான்றிதழை ரசித்துப் பார்த்தார். பிறகு கேட்டார், "அவர்கள் கேட்டு எழுதிய கடிதம் எங்கே?"

"எந்தக் கடிதம்?" என்றான் தவம்.

"இதை அனுப்பு, அதை அனுப்பு என்று அவர்கள் உனக்கு எழுதியது."

"அப்பிடி ஒண்டும் வரேல்லை. நாங்களாத்தான் அனுப்பினது." அவன் சொன்னதை நான் ஆங்கிலத்தில் சொன்னேன்.

"பதினான்கு மாதத்தில் ஒரு கடிதமும் இல்லையா?"

"விண்ணப்பம் கிடைத்தது, பரிசீலனையில் இருக்கிறது என்று மட்டும்" என்றேன்.

தாள்களை மறுபடியும் அடுக்கி, விளிம்புகளைத் தட்டி நேராக்கினார். "எனக்கு உங்கள் அலுவலகத்தைத் தெரியாது. கட்டிட அனுமதி அலுவலகங்களைத் தெரியும். இந்த நாட்டில் படத்தில் ஒரு கதவு குறைந்தால் பத்து நாளில் கடிதம் வரும். ஒரு கையெழுத்துக் குறைந்தால் ஒரு கிழமையில் வரும். குறை கண்டுபிடிப்பது அவர்களுக்குப் பிடித்த வேலை, அதை விடமாட்டார்கள். இரண்டு தரம் எனக்குக் கடிதமே வரவில்லை. நானும் உன்னைப்போலத்தான். படத்தைத் திருத்தினேன், ஜன்னலைப் பெரிதாக்கினேன், புதுப் படம் அனுப்பினேன். ஒவ்வொரு தரமும், புதிய ஆவணம் வந்திருக்கிறது, பரிசீலிக்கிறோம் என்றார்கள். பிறகுதான் தெரிந்தது, நகரசபைக்கு அந்தப் பள்ளிக்கூடமே வேண்டாம். படத்தில் ஒரு பிழையும் இல்லை."

தவம் என்னைப் பார்த்தான். "என்ன சொல்லுறார் அக்கா?"

நான் சொன்னேன். மூன்று கடிதத்துக்காக லண்டன் முழுக்க அலைந்தவள் நான். சமாதான நீதவானின் வீட்டுக்கு மட்டும் நான்கு தரம் போனேன். அவனுக்கு உதவி செய்வதாக நினைத்து, அவனிடம்தான் குறை என்று நானும் அவனுக்குச் சொல்லிக்கொண்டே இருந்திருக்கிறேன்.

தவம் சங்கீதச் சான்றிதழை எடுத்துப் பைக்குள் வைத்தான். பிறகு, "பிழையெண்டால் திருத்தலாம். பிழை இல்லையெண்டால் நான் என்னத்தைத் திருத்துறது?" என்றான். அதை மட்டும் நான் மொழிபெயர்க்கவில்லை. ஊனோ ஐயா கேட்கவும் இல்லை.

கடிதம் எழுதித் தந்தார். தட்டச்சில், டேனிஷில், ஒரே வரி: என் கோப்பில் என்ன குறைகிறது என்று எழுத்தில் தெரிவிக்கவும். கீழே தவம் கையெழுத்து வைக்க இடம். அவருடைய பெயரும் இல்லை, தலைப்பெழுத்தும் இல்லை, முத்திரையும் இல்லை. "ஒவ்வொரு திங்கட்கிழமையும் இதையே அனுப்பு. வேறொன்றும் அனுப்பாதே. அந்த இரண்டு பள்ளிக்கூடத்துக்கும் நான் அப்படித்தான் செய்தேன்."

"கட்டினீர்களா?" என்று கேட்டேன்.

"ஒன்றை" என்றார்.

நான்காம் நாள் அந்த ஒற்றைத் தாளைப் பிலிப் அண்ணை கையில் வாங்கி, முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்தார்.

"இதுவே பெரிய மனிசன்ர கடிதம்? மாட்டுக்கு லைசன்ஸ் எடுக்கிறதெண்டாலும் இதைவிட நீளமா எழுதுவம்."

"அண்ணை, அவர் சொல்லுறதில நியாயம் இருக்கு."

"என்ன நியாயம்? கேள்வி கேட்டால் அவங்களுக்குக் கோவம் வரும். கந்தோரில ஆரும் கேள்வி கேட்டால் நான் அந்த ஃபைலை எங்க வைப்பன் தெரியுமோ?"

சொல்லிவிட்டு அவரே நிறுத்தினார். குழம்புச் சட்டியைக் கிளறினார், அடுப்பை அணைத்தார், மறுபடியும் கிளறினார். இருபத்திரண்டு வருடத்தில் அவர் எந்தக் கோப்பை எங்கே வைத்தார் என்று நாங்கள் ஒருவரும் கேட்கவில்லை. மேலே இருந்து ஒரு சொல் வந்தால் மன்னாரிலும் கோப்புகள் அடியில் போகத்தான் செய்தன. அது அவருக்குத் தெரியாமல் இருந்திருக்காது. அன்று அவர் சாப்பிடவில்லை. காலையில் நான் எழும்பியபோது அந்த ஒற்றை வரியைத் தன் கையால் பார்த்து எழுதி, தன்னுடைய பெயரைக் கீழே போட்டுக்கொண்டிருந்தார்.

ஐந்தாம் நாள் நான் புறப்பட்டேன். லண்டனில் இருந்து நான் கொண்டுபோன மூன்று கடிதங்களையும் தவம் என்னிடமே தந்துவிட்டான். கப்பலில் இந்தத் தடவை சூட்கேஸை விட்டு அசையவில்லை, பசியோடு இறங்கினேன். பொறியியலாளர் என் அறிக்கையை வாசித்துவிட்டு, "இதில் ஒரு புதிய பொருளும் இல்லையே" என்றார். சாய்வுக்குக் குழு போட்டார்கள். ஜன்னலுக்கும் விளக்குமாற்றுக்கும் குழு போடவில்லை. கூரைகள் ஒழுகிக்கொண்டிருந்தன.

திங்கட்கிழமைக் கடிதங்களுக்கு ஒரு பதிலும் வரவில்லை. தவம் தொலைபேசியில் ஒவ்வொரு கிழமையும் அதைச் சொல்வான். குரலில் ஒரு மாற்றம் இருந்தது. முன்பெல்லாம், "நான் எதையோ விட்டிட்டன் போல அக்கா" என்பான். இப்போது, "இண்டைக்கும் அவங்கள் சொல்லேல்லை" என்றான்.

அடுத்த வருடம் விஷயம் வெளியே வந்தது. டேனிஷ் பத்திரிகைகளிலேயே எழுதினார்கள். தமிழரின் குடும்பங்களை வரவிடாமல் கோப்புகளை மேலே இருந்துதான் நிறுத்தி வைக்கச் சொன்னார்களாம். அலுமாரியில் சும்மா கிடந்திருக்கின்றன, மெல்லியதும் தடித்ததும் ஒன்றாக. அதைப் பற்றி விசாரணைகள், பெரிய பெரிய அறிக்கைகள், பிறகு ஓர் அரசாங்கமே போனது எல்லாம் வரலாறு. சட்டத்தை மதிக்கும் நாடு, தாமதமானாலும் நன்றாகத்தான் மதித்தது. ஒருவேளை திங்கட்கிழமைக் கடிதங்களும் ஏதாவது செய்திருக்கலாம். செய்தன என்று சொன்னால் பொய் சொன்னவள் ஆவேன்.

பிலிப் அண்ணையின் குடும்பம் முதலில் வந்தது. நிர்மலாவும் துளசியும் 1989 ஐப்பசியில் வந்தார்கள். நான் விடுமுறை எடுத்துக்கொண்டு போனேன். துளசிக்கு ஆறு வயது. கோல்டிங் வீட்டில் தகப்பனுடைய சப்பாத்துக்குள் காலை விட்டு இழுத்து இழுத்து நடந்துகொண்டிருந்தாள். நிர்மலா கோப்பியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டிருந்தாள். தவம் கடைக்குப் போனபிறகு தன்னுடைய பையைத் திறந்து எண்பது பக்கக் கொப்பி ஒன்றை எடுத்து என்னிடம் தந்தாள்.

திறந்தேன். முதல் பக்கம் முழுக்க அவளுடைய கையெழுத்து. நி. தவராசா, நி. தவராசா, வரிக்கு மூன்று. அடுத்த பக்கமும் அதுவே. அட்டையின் உள்பக்கம் வரைக்கும். சில இடத்தில் பென்சில், சில இடத்தில் பேனை, விளக்கின் எண்ணெய்க் கறை பட்ட பக்கங்களும் இருந்தன.

"கொழும்பில ஒராள் சொன்னது மச்சாள், அடையாள அட்டையில இருக்கிற கையெழுத்தும் ஃபோமில வைச்ச கையெழுத்தும் ஒரே மாதிரி இல்லையாம், அதாலதான் இழுபடுதாம். ஒரே மாதிரி வரவேணுமெண்டு எழுதிப் பழகினனான். சண்டை நேரம் பங்கருக்குள்ள இருந்தும் எழுதினனான்." ஒரு பக்கத்தைப் புரட்டி விரலை வைத்தாள். "நீங்கள் படிச்சனீங்கள், சொல்லுங்கோ. எது பிழை?"

கொப்பியைக் கடைசிப் பக்கம் வரை பார்த்தேன். எல்லாம் ஒரே மாதிரி.

"ஒண்டும் பிழை இல்லை, நிர்மலா" என்றேன்.

"வடிவா, ஒவ்வொண்டாப் பாருங்கோ மச்சாள்" என்றாள்.